கேட்வே இருந்தும் உள்ளே வந்துவிடுகிறார்களே: கேள்வி பதில்

ஏபிஐ கேட்வே என்பது வெளியிலிருந்து வரும் கோரிக்கைகளை வாங்கிச் சோதித்து, பின்னால் இருக்கும் சர்வீஸ்களுக்கு அனுப்பும் வாசல். அங்கே அனுமதிச் சோதனையில் எங்கே ஓட்டை விழுகிறது என்பது பற்றி வந்த கேள்விகளும் என் பதில்களும்.

கேள்வி: அண்ணா, நாங்கள் அப்பாச்சி ஏபிஐசிக்ஸ் என்ற கேட்வே வைத்திருக்கிறோம். டாஷ்போர்டுக்கு லாகின் இருக்கிறது, பாஸ்வேர்டும் மாற்றியாச்சு. ஆனாலும் பழைய பதிப்பு என்று செக்யூரிட்டி டீம் விரட்டுகிறது. லாகினைத் தாண்டி என்ன செய்துவிட முடியும்?

அவர்கள் விரட்டுவது நியாயம்தான், தம்பி. உங்கள் டாஷ்போர்டு 2.10.1-க்கு முந்தையது என்றால் இன்றைக்கே மாற்றுங்கள். 2021 டிசம்பரில் வெளிவந்த சிவிஇ-2021-45232 இதைப் பற்றியதுதான் (சிவிஇ என்பது வெளியே தெரிந்த பாதுகாப்புக் குறைகளுக்குத் தரும் எண்).

டாஷ்போர்டுக்குப் பின்னால் மேனேஜர் ஏபிஐ என்று ஒன்று ஓடுகிறது. அதை ஜின் என்ற ஃபிரேம்வொர்க்கின் மேல் டிராப்லெட் என்ற இன்னொரு ஃபிரேம்வொர்க்கை வைத்துக் கட்டியிருந்தார்கள். லாகின் சோதனை டிராப்லெட் பக்கம் இருந்தது. ஆனால் சில வழிகள், அதாவது சில ஏபிஐ முகவரிகள், நேராக ஜின்னில் பதிவாகியிருந்தன. அந்த வழிகளில் வருபவரிடம் டோக்கன் (லாகின் செய்ததற்கான சீட்டு) கேட்க ஆளே இல்லை. அப்படித் திறந்து கிடந்தவை எவை தெரியுமா? மொத்த கான்ஃபிகையும் (கேட்வேயின் அமைப்புகள்) ஏற்றுமதி செய்யும் வழியும், இறக்குமதி செய்யும் வழியும். கான்ஃபிகை எடுத்துப் போகலாம். தன் லுவா மொழி ஸ்கிரிப்டை ஒரு ரூட்டுக்குள் (எந்தக் கோரிக்கை எங்கே போக வேண்டும் என்ற விதி) நுழைத்துத் திரும்ப ஏற்றினால் கேட்வே அதை ஓட்டும். பாஸ்வேர்டு எவ்வளவு நீளமாக இருந்தாலும் இங்கே அதற்கு வேலையே வரவில்லை.

இதைப் படித்துவிட்டுப் பதிப்பை மட்டும் மாற்றிவிட்டுப் போகாதீர்கள். உங்கள் சொந்த சர்வீஸ்களிலும் இதே நிலை இருக்கலாம். ரூட்டரிடமிருந்தே எல்லா வழிகளின் பட்டியலையும் எடுத்து, ஒவ்வொன்றையும் டோக்கன் இல்லாமல் அழைத்துப் பார்க்கும் டெஸ்ட் ஒன்றை எழுதிவிடுங்கள். லாகின் போன்ற சில வழிகளைத் தவிர மற்ற எல்லாமே 401 (நீங்கள் யாரென்று தெரியவில்லை என்ற மறுப்பு) தர வேண்டும். புதிதாக ஒரு வழி சேர்ப்பவர் சோதனையை மறந்தாலும் அந்த டெஸ்ட் பிடித்துவிடும்.

கேள்வி: கேட்வேயின் அமைப்புகளை மாற்றும் அட்மின் ஏபிஐக்கு உள் ஐபி மட்டும் என்று கட்டுப்பாடு போட்டிருக்கிறோம். அது போதாதா சார்?

அந்த ஐபியை உங்களுக்கு யார் சொல்கிறார்கள் என்பதைப் பொறுத்தது. அதே ஏபிஐசிக்ஸில் பல கோரிக்கைகளை ஒரே கட்டாக அனுப்ப பேட்ச்-ரிக்வெஸ்ட்ஸ் என்ற பிளக்இன் உண்டு. கட்டைப் பிரித்து ஒவ்வொரு கோரிக்கையையும் கேட்வே தனக்குத்தானே அனுப்பிக்கொள்ளும். அப்போது உண்மையான ஐபியை எக்ஸ்-ரியல்-ஐபி ஹெடரில் (கோரிக்கையோடு போகும் குறிப்பு) அதுவே எழுதிவிட வேண்டும். அப்படி எழுதும் இடத்தில் ஒரு பிழை. அதனால் வெளியாள் தானே 127.0.0.1 (அந்தக் கணினியே தனக்கு வைத்துக்கொள்ளும் முகவரி) என்று எழுதி அனுப்பினால் அதுவே செல்லுபடியானது. இதுதான் சிவிஇ-2022-24112. இதோடு எல்லாருக்கும் ஒரே மாதிரி வந்த அட்மின் சாவியையும் மாற்றாமல் வைத்திருந்தால், தூரத்திலிருந்தே அவர் தன் புரோகிராமை உங்கள் சர்வரில் ஓட்டலாம். 2.12.1, 2.10.4 பதிப்புகளில் சரிசெய்தார்கள். சாவியை மாற்றுங்கள், பயன்படுத்தாத பிளக்இன்களை எடுத்துவிடுங்கள்.

கேள்வி: நெக்ஸ்ட்.ஜேஎஸ் என்ற வெப் ஃபிரேம்வொர்க்கின் மிடில்வேரில் (பக்கத்துக்கு முன்னால் ஓடும் நிரல்) மட்டும் லாகின் சோதனை வைத்திருக்கிறேன். இதுவும் அதே கதைதானா?

அதே கதைதான். மிடில்வேர் தன்னைத் தானே திரும்பத் திரும்ப அழைத்துச் சுற்றாமல் இருக்க, எக்ஸ்-மிடில்வேர்-சப்ரிக்வெஸ்ட் என்று உள்வேலைக்கு ஒரு ஹெடர் வைத்திருந்தார்கள். சரியான மதிப்போடு அதை வெளியிலிருந்து அனுப்பினால் மிடில்வேர் ஓடாமலே கோரிக்கை உள்ளே போய்விடும். 2025 மார்ச்சில் வெளிவந்த சிவிஇ-2025-29927 இது. நீங்களே ஹோஸ்ட் செய்தால் 15 வரிசையில் 15.2.3, 14 வரிசையில் 14.2.25 அல்லது அதற்குப் பிந்தையதா என்று பாருங்கள். உடனே மாற்ற முடியாவிட்டால் முன்னால் நிற்கும் பிராக்ஸியில் (கோரிக்கையை வாங்கிக் கடத்தும் இடைச் சர்வர்) அந்த ஹெடரை நீக்கிவிடுங்கள். அப்புறம், டேட்டாவைத் தொடும் இடத்திலும் இவர் யார் என்று ஒருமுறை கேட்டுவிடுங்கள். நான் இதை எல்லா இடத்திலும் வலியுறுத்துகிறேன்.

கேள்வி: என்வாய் என்ற பிராக்ஸியில் அட்மின் பாதையைத் தடுத்திருக்கிறேன். "/பப்ளிக்/../அட்மின்" என்று அனுப்பினால்?

பழைய என்வாய் என்றால் ஆபத்து. 2019-இல் சிவிஇ-2019-9901 இதைத்தான் காட்டியது. என்வாய் பாதையை ஒழுங்குபடுத்தாமல், பப்ளிக் என்று தொடங்குவதைப் பார்த்து உள்ளே விட்டுவிடும். பின்னால் இருக்கும் சர்வர் இரண்டு புள்ளிகளை (ஒரு படி மேலே போ என்று பொருள்) புரிந்துகொண்டு அட்மினைத் திறக்கும். ஒரே முகவரியை இருவர் இருவிதமாகப் படிக்கிறார்கள், அனுமதி கொடுத்தவர் படித்தது வேறு, வேலை செய்தவர் படித்தது வேறு. 1.9.1-இல் பாதையை ஒழுங்குபடுத்தும் வசதி வந்தது. அது உங்கள் கான்ஃபிகில் இயக்கத்தில் இருக்கிறதா என்று பாருங்கள். இரட்டைச் சாய்கோடு, சதவீதக் குறியோடு எழுதிய சாய்கோடு (%2F) இரண்டையும் சோதியுங்கள். தடுக்க வேண்டியதைப் பட்டியலிடாமல், அனுமதிப்பதை மட்டும் பட்டியலிட்டு மற்றதை மூடுவது என் வழக்கம்.

கேள்வி: கேட்வே டோக்கனைச் சரிபார்த்துவிட்டது. அப்படியும் ஒருவர் இன்னொருவரின் ஆர்டரைப் பார்க்கிறார்.

அதைக் கேட்வே தீர்க்காது. அந்த ஆர்டர் யாருடையது என்று அதற்குத் தெரியாது. வெப் பாதுகாப்பு அமைப்பான ஓவாஸ்பின் ஏபிஐ ஆபத்துப் பட்டியலில் 2019, 2023 இரண்டு முறையும் முதல் இடம் இந்தக் குறைக்குத்தான். டேட்டாபேஸில் ஆர்டரைத் தேடும் குவெரியிலேயே, டோக்கனுக்குரிய பயனரின் ஐடியையும் சேர்த்துவிடுங்கள்.

கேள்வி: காங் கேட்வேயை டாக்கரில் போட்டிருக்கிறேன். லினக்ஸ் ஃபயர்வாலான யூஎஃப்டபிள்யூவில் 8001 போர்ட்டை மூடியாச்சு. இது போதும், நிம்மதியாக இருக்கலாம் என்று ஓர் அக்கா சொன்னார். சரியா?

அந்த அக்கா டாக்கர் இல்லாத சர்வரை மனதில் வைத்துச் சொல்லியிருக்கலாம். 8001 காங்கின் அட்மின் போர்ட். இலவசப் பதிப்பில் அது இயல்பாகப் பாஸ்வேர்டு எதுவும் கேட்காது. டாக்கர் கான்ஃபிகில் "8001:8001" என்று எழுதினால் டாக்கர் எல்லா முகவரிகளிலும் அதைத் திறக்கும். அதோடு லினக்ஸின் அடிப்படை ஃபயர்வால் விதிகளான ஐபிடேபிள்ஸில் தன் விதிகளைத் தானே எழுதிக்கொள்வதால், நீங்கள் யூஎஃப்டபிள்யூவில் போட்ட தடை அங்கே வேலை செய்யாது. "127.0.0.1:8001:8001" என்று மாற்றி எழுதுங்கள். பிறகு வேறு நெட்வொர்க்கில், மொபைல் டேட்டாவிலிருந்து அந்த போர்ட்டைத் தொட்டுப் பாருங்கள். பதில் வராவிட்டால் சரி.