3.0 இருக்கிறதே, 2.0 ஏன் கேட்கிறது?

கேள்வி: சி பிளஸ் பிளஸ்ஸில் ஒரு நிரல் எழுதி வைத்திருக்கிறேன். அதன் பகுதிகள் ஒன்றுக்கொன்று சிக்னல் அனுப்பிக்கொள்ள லிப்சிக் பிளஸ் பிளஸ் லைப்ரரியைப் பயன்படுத்தினேன். இரண்டு வருடம் நன்றாக ஓடியது. என் கணினியின் டெபியன் லினக்ஸைப் புதிய பதிப்புக்கு மாற்றியபின் திறக்கவே மாட்டேன் என்கிறது. ‘லிப்சிக்-2.0.எஸ்ஓ.0’ என்ற கோப்பைத் திறக்க முடியவில்லை என்று டெர்மினலில் செய்தி வருகிறது. தேடினால் ‘லிப்சிக்-3.0.எஸ்ஓ.0’ இருக்கிறது. அதற்கே 2.0 என்ற பெயரில் ஒரு லிங்க் போட்டுவிடலாமா? இல்லை, இணையத்தில் அந்த ஒரு கோப்பு மட்டும் தனியாகக் கிடைக்கிறதே, அதை எடுத்துப் போடலாமா?

பதில்: இரண்டும் வேண்டாம். உங்களுக்குத் தேவையான கோப்பு டெபியனின் பேக்கேஜ் களஞ்சியத்திலேயே இருக்கிறது. அங்கே அதன் பெயர் வேறு மாதிரி இருப்பதால்தான் தேடும்போது கண்ணில் படுவதில்லை. கோப்பின் பெயரில் கூட்டல் குறி கிடையாது. பேக்கேஜின் பெயரில் லிப்சிக் என்பதற்குப் பின்னால் இரண்டு கூட்டல் குறிகள், அப்புறம் ‘-2.0-0வி5’ என்று வரும். டெபியனின் பேக்கேஜ் நிறுவும் கருவியான ஏபிடி கொண்டு அதை நிறுவுங்கள். 3.0 இருப்பது இதற்குத் தடையில்லை. இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் இருக்க வேண்டும் என்றுதான் கோப்பின் பெயரிலேயே எண்ணை வைத்திருக்கிறார்கள். ஃபெடோரா என்ற இன்னொரு லினக்ஸில் இதே பேக்கேஜ் லிப்சிக் பிளஸ் பிளஸ் 20 என்ற பெயரில் இருக்கும், புதியது 30.

அந்த ‘வி5’ என்ன என்று சிலர் கேட்பதுண்டு. 2015இல் ஜிசிசி கம்பைலரின் (மூலவரிகளை ஓடும் நிரலாக மாற்றும் கருவி) 5ஆம் பதிப்பு வந்தபோது, உரையை வைத்திருக்கும் சி பிளஸ் பிளஸ்ஸின் ஸ்ட்ரிங் வகை நினைவகத்தில் அமைந்திருக்கும் விதமே மாறியது. பழைய முறையில் கம்பைல் ஆன லைப்ரரிகளும் புதியவையும் கலந்துவிடாமல் இருக்க, டெபியன் பல பேக்கேஜ்களின் பெயரில் இந்த வாலை ஒட்டியது. உங்கள் லிங்க் யோசனைக்கும் இதற்கும் உறவு உண்டு.

லிங்க் போட்டால் என்ன ஆகும்? ஒரு லைப்ரரி என்றால் எல்லாம் அந்த எஸ்ஓ கோப்புக்குள் இருக்கிறது, நிரல் வெளியிலிருந்து கூப்பிடுகிறது என்றுதான் பொதுவாக நினைப்போம். லிப்சிக் அப்படி இல்லை. அதன் பெரும்பகுதி ஹெடர் கோப்புகளில் (கம்பைல் செய்யும்போது உங்கள் வரிகளோடு சேரும் கோப்புகள்) டெம்ப்ளேட்டாக, அதாவது தேவையான வகைக்கேற்ப விரியும் அச்சாக எழுதப்பட்டது. ஒரு சிக்னலை அறிவித்து அதில் ஒரு ஸ்லாட்டை (சிக்னல் வந்ததும் கூப்பிடப்படும் ஃபங்ஷன்) இணைக்கும் வரியை நீங்கள் எழுதிக் கம்பைல் செய்தபோதே, அந்த டெம்ப்ளேட்டுகள் விரிந்து உங்கள் நிரலுக்குள்ளேயே போய் உட்கார்ந்துவிட்டன. எஸ்ஓ கோப்பில் மிஞ்சியிருப்பது அடிப்படைக் கணக்கு வழக்குதான்: எந்த சிக்னலில் எந்தெந்த ஸ்லாட் இணைந்திருக்கிறது, இணைப்பைத் துண்டித்தால் பட்டியலிலிருந்து எப்படி எடுப்பது, கேட்டுக்கொண்டிருந்த ஆப்ஜெக்ட் அழிந்துவிட்டால் அதன் இணைப்பைத் தானாக எப்படி நீக்குவது. கடைசியாகச் சொன்னதுதான் டிராக்கபிள் என்ற வகுப்பின் வேலை, இந்த லைப்ரரியைப் பலர் விரும்புவதற்கும் அதுவே காரணம்.

ஆக, லைப்ரரியில் பாதி உங்கள் நிரலுக்குள், மீதிப் பாதி அந்தக் கோப்புக்குள். இரண்டு பாதிகளும் ஒரே பதிப்பாக இருந்தால்தான் ஒன்றின் பேச்சு மற்றதற்குப் புரியும். 3.0 சி பிளஸ் பிளஸ் 17ஐ அடிப்படையாக வைத்து உள்ளே நிறைய மாற்றி எழுதப்பட்டது. 2.0 வரிசையில் ஒரு சிக்னலுக்கு அதிகபட்சம் 7 அளபுருக்கள்தான் (சிக்னலோடு அனுப்பும் மதிப்புகள்), காரணம் ஒவ்வொரு எண்ணிக்கைக்கும் தனித்தனியாக எம்4 என்ற கருவியின் மேக்ரோ மூலம் நிரல்வரிகளை உருவாக்கியிருந்தார்கள். 3.0இல் அந்த ஏற்பாடே இல்லை. டிராக்கபிளின் ஃபங்ஷன்கள் வாங்கும் மதிப்புகளின் வகையும் மாறிவிட்டது. சி பிளஸ் பிளஸ்ஸில் வகை மாறினால் கோப்புக்குள் பதியும் குறியீட்டுப் பெயரும் மாறும். உங்கள் நிரல் பழைய பெயரைச் சொல்லிக் கூப்பிடும், அந்தப் பெயரில் அங்கே யாரும் இருக்க மாட்டார்கள்.

நிரலைக் கம்பைல் செய்த விதத்தைப் பொறுத்து இது திறக்கும்போதே தெரியலாம். அல்லது நன்றாகத் திறந்து, வேலை பார்த்துக்கொண்டிருந்து, அந்த ஃபங்ஷனை முதன்முதலாகக் கூப்பிடும் நொடியில் பொத்தென்று விழலாம். இந்த இரண்டாவது வகையில்தான் நான் ஒருமுறை மாட்டிக்கொண்டேன். வேறொரு லைப்ரரிக்கு இப்படித்தான் லிங்க் போட்டு, ‘ஓடுகிறதே’ என்று மகிழ்ந்து மறந்துவிட்டேன். சில வாரம் கழித்து விழுந்தபோது பிழையை என் நிரல்வரிகளில் தேடி ஒரு நாள் முழுக்கப் போனது.

தனிக் கோப்பை இறக்குவதிலும் இதே சிக்கல் இருக்கிறது. எந்தக் கம்பைலரில், எந்தக் கட்டமைப்புக்கு அதை உருவாக்கினார்கள் என்று தெரியாது. 64 பிட் நிரலுக்கு 32 பிட் கோப்பைக் கொடுத்தால் ஈஎல்எஃப் (லினக்ஸின் நிரல் கோப்பு வடிவம்) வகுப்பு தவறு என்று மறுத்துவிடும். அது பரவாயில்லை, மறுக்காமல் ஏற்றுக்கொண்டால்தான் பயப்பட வேண்டும். உங்கள் நிரல் ஓடும்போது அதற்குள் ஏறி உட்காரும் கோப்பு அது, நிரலுக்கு உள்ள எல்லா அனுமதியும் அதற்கும் உண்டு.

சரி, இருந்த கோப்பு ஏன் காணாமல் போனது? பெரும்பாலும் இப்படி நடந்திருக்கும். நிரலை எழுதும்போது டெவ் பேக்கேஜை (கம்பைல் செய்யத் தேவையான ஹெடர்கள் உள்ளது) நிறுவியிருப்பீர்கள், அதோடு சேர்ந்து எஸ்ஓ கோப்பும் வந்திருக்கும். வேலை முடிந்ததும் டெவ் பேக்கேஜை நீக்கியிருப்பீர்கள். நீங்களே கம்பைல் செய்த நிரலைப் பற்றி ஏபிடிக்கு எதுவும் தெரியாது. கணினியில் வேறு எந்த பேக்கேஜும் 2.0ஐக் கேட்கவில்லை என்றானதும், பதிப்பு மாற்றத்தின்போது தேவையற்றதைத் துடைக்கும் ஆட்டோரிமூவ் அதையும் துடைத்துவிட்டது. 3.0 வந்ததற்குக் காரணம் ஜன்னல், பொத்தான்களை வரையும் ஜிடிகேஎம்எம் 4 லைப்ரரியை வைத்து எழுதிய ஏதாவது ஒரு மென்பொருளாக இருக்கலாம், அது 3.0ஐத்தான் கேட்கும். இந்த முறை பேக்கேஜின் பெயரைச் சொல்லி நேரடியாக நிறுவுவதால் அது உங்கள் விருப்பத்தில் வந்ததாகக் குறிக்கப்படும். ஆட்டோரிமூவ் இனி தொடாது.

நிறுவியபின் உங்கள் நிரலின் மீது எல்டிடி கமாண்டை ஓட்டிப் பாருங்கள். நிரலை நேராகத் திறந்தால் முதலில் கிடைக்காத ஒரு கோப்பின் பெயரைச் சொல்லிவிட்டு நின்றுவிடும். எல்டிடி கொடுத்தால் கிடைக்காத எல்லாமே ஒரே பட்டியலில் தெரியும். ஆனால் நம்பிக்கையில்லாத நிரல்களின் மீது எல்டிடியை ஓட்டாதீர்கள், சில நேரம் அது நிரலையே ஓட்டிவிடக் கூடும். அங்கே நிரலை ஓட்டாமல் கோப்பை மட்டும் படிக்கும் ரீட்எல்ஃப் போதும்.

நிரலின் மூலவரிகள் உங்களிடம் இருப்பதால் இன்னொரு வழியும் உண்டு: 3.0இன் டெவ் பேக்கேஜை நிறுவி மறுபடியும் கம்பைல் செய்வது. லைப்ரரி எங்கே இருக்கிறது என்று கம்பைலருக்குச் சொல்லும் பேக்கேஜ்-கான்ஃபிக்கில் சிக் பிளஸ் பிளஸ்-2.0 என்று கொடுத்த இடத்தில் 3.0 என்று மாற்ற வேண்டும். சிக்னலை அறிவிக்கும் வரிகளில் வகைகளைக் காற்புள்ளி போட்டு அடுக்கியிருந்தால், ஃபங்ஷன் வடிவில், அதாவது திரும்பும் வகையும் அடைப்புக்குள் அளபுருக்களுமாக எழுத வேண்டும். சின்ன நிரல் என்றால் ஒரு மாலை வேலை. நான் உங்கள் இடத்தில் இருந்தால் இன்றைக்கு 2.0ஐ நிறுவி ஓட்டிவிட்டு, நேரம் கிடைக்கும்போது இதைச் செய்வேன்.

கேள்வியை அனுப்பியபின் பொறுமை இழந்து அந்த லிங்கைப் போட்டுவிட்டீர்களா? யுஎஸ்ஆர் லோக்கலின் கீழ் உள்ள லிப் அடைவில் போட்டிருந்தால், சரியான பேக்கேஜ் வந்தபிறகும் நிரல் அந்தப் போலி லிங்கையே முதலில் எடுக்கக்கூடும். அதை அழித்துவிட்டு, கணினியின் லைப்ரரிப் பட்டியலைப் புதுப்பிக்கும் எல்டிகான்ஃபிக்கை ரூட் அனுமதியோடு ஒருமுறை ஓட்டுங்கள். எல்டிடி பட்டியலில் 2.0 கோப்புக்கு நேரே எந்த அடைவின் பாதை வருகிறது என்பதையும் பார்த்துவிடுங்கள்.