ஏ 38 எந்தக் கவுன்ட்டரில்?

வணக்கம் சார்,

அரசு அலுவலகங்களைக் கிண்டல் செய்யும் அனிமேஷன் படங்களை அடிக்கடி பாராட்டுகிறீர்கள். 'ஜூட்டோபியா'வில் வாகன அலுவலகம் முழுக்க ஸ்லாத்துகள் என்ற மிக மெதுவாக நகரும் விலங்குகள் வேலை பார்க்கும் காட்சிக்கு நானும் சிரித்தேன். ஆனால் நிஜத்தில் யார் அவ்வளவு மந்தம்? இப்படி மிகைப்படுத்தினால் கேலி யார்மேலும் படாமல் போய்விடாதா?

ம.

அன்புள்ள ம.,

படாமல் போகவில்லை, தப்பான ஆள்மேல் படுகிறது. 2016இல் வந்த அந்தக் காட்சியில் எனக்குள்ள குறை அதுதான். மற்றபடி பிரமாதமான காட்சி. ஜோக்கைக் கேட்டபின் கவுன்ட்டரில் இருக்கும் ஃப்ளாஷ் என்ற ஸ்லாத்தின் முகத்தில் சிரிப்பு வந்து சேர்வதற்குள் நமக்கு வயிறு வலித்துவிடும். ஆனால் அங்கே கிண்டலெல்லாம் கவுன்ட்டரில் இருப்பவரின் வேகத்தைப் பற்றியது. அவருக்குப் பதில் ஒரு சிறுத்தையை உட்காரவைத்தால் பிரச்சினை தீர்ந்துவிடும். நிஜத்தில் தீருமா?

1976இல் வந்த 'ஆஸ்டெரிக்ஸின் பன்னிரண்டு சோதனைகள்' படத்தில், காமிக்ஸ் வீரனான ஆஸ்டெரிக்ஸ் கடக்க வேண்டிய எட்டாவது சோதனையைப் பாருங்கள். ஏ 38 என்றொரு அனுமதிச் சீட்டை வாங்கி வர வேண்டும், அவ்வளவுதான். ஆனால் அது இருக்கும் கட்டடத்தின் பெயரே பைத்தியம் பிடிக்கவைக்கும் வீடு! ஒவ்வொரு கவுன்ட்டரும் இன்னொரு கவுன்ட்டருக்கு அனுப்புகிறது. ஒரு படிவம் வாங்க வேறொரு படிவம் வேண்டும். வில்லன் என்று தனியாக ஒருவர் கிடையாது.

ஆஸ்டெரிக்ஸ் கத்திப் பார்ப்பதில்லை, தனக்குப் பலம் தரும் மந்திரக் கஷாயத்தையும் தொடுவதில்லை. "சுற்றறிக்கை பி 65இன்படி ஏ 39 வேண்டும்" என்று கேட்கிறான். அப்படியொரு சீட்டே கிடையாது. ஆனால் எண்ணோடும் சுற்றறிக்கையோடும் வந்த கோரிக்கையாயிற்றே, இல்லை என்று எப்படிச் சொல்வது? ஒருவரையொருவர் கேட்டுக்கொண்டு அலுவலகமே மாடிக்கும் கீழுக்குமாக ஓடுகிறது. ஆளை வெளியே அனுப்பினால் போதுமென்று தலைமை அதிகாரியே ஏ 38ஐக் கையில் கொடுத்துவிடுகிறார்.

இதில் மிகை என்று எதைச் சொல்வீர்கள்? ஓட்டத்தின் வேகத்தை வேண்டுமானால் சொல்லலாம். தெரியாது என்று சொல்ல அஞ்சும் அந்தப் பயம் அப்படியே நிஜம். சிறுத்தைக்கும் அது வரும்.

அப்புறம், சோவியத் இயக்குநர் ஃபியோதர் ஹித்ருக்கின் 'சட்டகத்துக்குள் மனிதன்' (1966). குறும்படம்தான். பதவி ஏற ஏற அதிகாரியைச் சுற்றியுள்ள சட்டகம் தடித்துக்கொண்டே போகும், ஆள் மறைந்துகொண்டே போவார். சிரிப்பு குறைவு, ஆனால் இங்கே அடி சரியான இடத்தில் விழுகிறது.

ஆஸ்டெரிக்ஸ் முழுவதையும் பார்க்கப் பொறுமையில்லையென்றால் அந்த எட்டாவது சோதனை மட்டும் போதும். மற்றவற்றில் சில சுமார்தான்.