டிரைவரைத் தொடும் முன் பிரிண்டரைத் தனியாகச் சோதித்துப் பாருங்கள்

கேள்வி: எங்கள் வீட்டு இங்க்ஜெட் பிரிண்டரை இரண்டு மாதங்களாகப் பயன்படுத்தவில்லை. இடையில் வைஃபை ரௌட்டரையும் மாற்றினோம். இப்போது கணினியில் ‘ஆஃப்லைன்’ என்று காட்டுகிறது. யூஎஸ்பி கேபிளில் இணைத்தால் தாள் உள்ளே போய் வெறுமையாகவே வெளியே வருகிறது. மை பாதிக்கு மேல் இருப்பதாகத் திரையில் தெரிகிறது. டிரைவரை நீக்கிவிட்டு இரண்டு முறை மீண்டும் நிறுவியும் பலனில்லை. என்ன செய்வது?

பதில்: நீங்கள் எழுதியிருப்பதைப் பார்த்தால் உங்கள் பிரிண்டரில் இருப்பது ஒரு கோளாறு அன்று, இரண்டு. ஆஃப்லைன் என்று காட்டுவது இணைப்பைச் சேர்ந்தது. வெறும் தாள் வருவது பெரும்பாலும் மையைச் சேர்ந்தது. இரண்டும் ஒரே நாளில் கண்ணில் பட்டதால் ஒரே நோயின் இரு அறிகுறிகளாகத் தோன்றுகின்றன. டிரைவர் என்பது கணினியில் உள்ள ஆவணத்தைப் பிரிண்டருக்குப் புரியும் வடிவில் மாற்றி அனுப்பும் மென்பொருள்தான். உலர்ந்துபோன மையை அதனால் இளக்க முடியாது, புதிய ரௌட்டரின் கடவுச்சொல்லைப் பிரிண்டருக்குச் சொல்லிக்கொடுக்கவும் முடியாது. ஆகவே அதை இனி மீண்டும் நிறுவ வேண்டாம்.

முதலில் யூஎஸ்பி கேபிளைக் கழற்றிவிட்டு, கணினியின் துணையே இல்லாமல் பிரிண்டரை ஒரு சோதனைத் தாள் அச்சிடச் சொல்லுங்கள். திரை உள்ள மாடல்களில் பராமரிப்பு என்ற பகுதியில் ‘நாசில் செக்’ (மை துப்பும் துளைகளின் சோதனை) என்றோ ‘பிரிண்ட் குவாலிட்டி ரிப்போர்ட்’ என்றோ இருக்கும். திரை இல்லாதவற்றில் குறிப்பிட்ட பொத்தான்களைச் சில விநாடிகள் அழுத்திப் பிடிக்க வேண்டும். எந்தப் பொத்தான் என்பது மாடலுக்கு மாடல் மாறும் என்பதால் கையேட்டைப் பார்த்துச் செய்யுங்கள். இந்தத் தாள் சரியாக வந்தால் கோளாறு கணினியிலோ இணைப்பிலோ இருக்கிறது; இதுவும் வெறுமையாக வந்தால் கோளாறு பிரிண்டருக்குள்ளேயே இருக்கிறது. இந்த ஒரு சோதனையைச் செய்யாமல் தொடங்கும் எந்த வேலையும் இருட்டில் துழாவுவதுதான்.

அந்தத் தாளை ஜன்னல் வெளிச்சத்தில் வைத்துப் பாருங்கள். ஒவ்வொரு நிறத்துக்கும் மெல்லிய கோடுகள் படிக்கட்டு போலவோ கட்டம் போலவோ வரிசையாக இருக்க வேண்டும். கோடுகள் ஆங்காங்கே அறுந்திருந்தால் மையைத் துப்பும் துளைகளில் சில மட்டும் அடைத்துள்ளன. ஒரு நிறம் முழுவதுமே இல்லையென்றால் அந்த மை தீர்ந்திருக்கலாம், அல்லது காற்று புகுந்து மை இறங்காமல் நிற்கலாம். மஞ்சள் நிறம் வெள்ளைத் தாளில் எளிதில் தெரியாது என்பதால், அவசரத்தில் அது இல்லை என்று முடிவு கட்டிவிட வேண்டாம்.

இரண்டு மாதம் சும்மா இருந்த இங்க்ஜெட் பிரிண்டரில் இப்படி நேர்வது இயல்பு. மையைத் துப்பும் துளைகள் தலைமுடியைவிட நுண்ணியவை. வீட்டுப் பிரிண்டர்களின் மையில் பெரும்பகுதி நீர். அச்சிட்டு முடித்ததும், இந்தத் துளைகள் அமைந்த பகுதியான பிரிண்ட் ஹெட் ஓரமாக ஒதுங்கி, ஒரு ரப்பர் மூடியின் மேல் அமர்ந்துகொள்ளும். துளைகள் உலராமல் காப்பது அந்த மூடிதான். பிரிண்டரின் பொத்தானை அழுத்தி அணைத்தால் ஹெட் தன் இடத்துக்குப் போன பிறகே மின்சாரம் நிற்கும். சுவர் சுவிட்சில் நேரடியாக அணைத்தால், ஹெட் பாதி வழியில் நின்று நாள்கணக்கில் திறந்தே கிடக்க நேரலாம். இதை அழுத்திச் சொல்வதற்குக் காரணம், வீடுகளில் மிகச் சாதாரணமாக நடக்கும் இந்தத் தவற்றைத் தவிர்க்கச் செலவு எதுவுமே இல்லை என்பதுதான்.

பிரிண்டரின் பராமரிப்புப் பகுதியிலேயே இருக்கும் ‘ஹெட் கிளீனிங்’ வசதியை ஒருமுறை இயக்கி, மீண்டும் நாசில் தாள் எடுத்து, முந்தைய தாளுடன் ஒப்பிடுங்கள். முன்னேற்றம் தெரிந்தால் இன்னும் ஓரிரு முறை செய்யலாம். மூன்று முறைக்குப் பிறகும் மாற்றமில்லையென்றால் நிறுத்திவிட்டு, பிரிண்டரை அணைத்து ஓர் இரவு விட்டுவிடுங்கள். உலர்ந்த மை ஊறி இளக அந்த நேரம் உதவும். ஒவ்வொரு சுத்திகரிப்பும் நல்ல மையை உறிஞ்சி உள்ளே இருக்கும் கழிவு மைப் பஞ்சில் கொட்டுகிறது. அந்தப் பஞ்சு நிறைந்துவிட்டதாகக் கணக்கு காட்டினால் பல பிரிண்டர்கள் அச்சிடவே மறுத்துவிடும். அதனால்தான் திரும்பத் திரும்ப இயக்க வேண்டாம் என்கிறேன்.

அடுத்த கட்டம் உங்கள் பிரிண்டரின் வகையைப் பொறுத்தது. கார்ட்ரிட்ஜின் (கழற்றி மாட்டும் மைப் பெட்டியின்) அடியிலேயே துளைகள் அமைந்த வகையாக இருந்தால், கார்ட்ரிட்ஜைக் கழற்றி, நூல் உதிராத துணியை வெதுவெதுப்பான காய்ச்சி வடிகட்டிய நீரில் நனைத்துப் பிழிந்து, துளைப் பகுதியை அதன் மேல் ஒரு நிமிடம் ஒற்றி வையுங்கள். தேய்க்க வேண்டாம், செம்பு நிறத் தொடுமுனைகளில் விரல் பட வேண்டாம். எடுத்துப் பார்க்கும்போது வண்ணக் கார்ட்ரிட்ஜ் துணியில் மூன்று நிறப் பட்டைகளைத் தனித்தனியாகப் பதித்திருந்தால் மை இறங்குகிறது என்று பொருள். இரண்டு பட்டைகள் மட்டும் பதிந்து மூன்றாவது இடம் ஈரமாக மட்டும் இருந்தால், அந்த நிறத்தின் மை தீர்ந்திருக்கிறது அல்லது அதன் துளைகள் முற்றிலும் அடைத்திருக்கின்றன. மைத் தொட்டி உள்ள வகையில் பல மாடல்களில் ஹெட் பிரிண்டரோடு இணைந்தே இருக்கும். அப்படியானால் அதைக் கழற்ற முயல வேண்டாம். தொட்டியில் மை குறைந்தபட்சக் கோட்டுக்கு மேல் இருக்கிறதா என்று கண்ணால் பாருங்கள். கோட்டுக்குக் கீழே போன பிறகும் அச்சிட்டால் குழாய்க்குள் காற்று புகுந்துவிடும்.

திரையில் காட்டும் மை அளவை அப்படியே நம்ப வேண்டியதில்லை. பல பிரிண்டர்கள் மையை நேரடியாக அளப்பதில்லை. எத்தனை துளிகள் தெளித்தோம் என்று எண்ணி, மீதியைக் கணக்கிட்டுச் சொல்கின்றன. ஆவியானதையோ அடைத்துக்கொண்டதையோ அந்தக் கணக்கு அறியாது.

இனி ஆஃப்லைன் கோளாறு. ரௌட்டரை மாற்றியதும் உங்கள் கைபேசிக்கும் கணினிக்கும் புதிய கடவுச்சொல்லைக் கொடுத்திருப்பீர்கள், பிரிண்டரை மறந்திருப்பீர்கள். அது இன்னும் பழைய வைஃபை பெயரையே தேடிக்கொண்டிருக்கும். பிரிண்டரின் வைஃபை அமைப்புக்குப் போய்ப் புதிய பெயரைத் தேர்ந்தெடுத்துக் கடவுச்சொல்லைக் கொடுங்கள். பட்டியலில் உங்கள் வைஃபை பெயரே தென்படவில்லையென்றால், வீட்டுப் பிரிண்டர்களில் பல 2.4 ஜிகாஹெர்ட்ஸ் அலைவரிசையை மட்டுமே அறிந்தவை என்பதை நினைவில் கொண்டு, ரௌட்டரில் அந்த அலைவரிசை இயங்குகிறதா என்று பாருங்கள்.

இணைந்த பிறகு பிரிண்டரின் நெட்வொர்க் விவரத் தாளை அச்சிட்டு ஐ.பி. முகவரியை, அதாவது நெட்வொர்க்கில் பிரிண்டரை அடையாளம் காட்டும் எண்ணைக் கவனியுங்கள். அது 169.254 என்று தொடங்கினால் ரௌட்டர் அதற்கு முகவரி தரவில்லை. இரண்டையும் அணைத்து, ரௌட்டரை முதலிலும் பிரிண்டரைப் பிறகும் இயக்குங்கள். முகவரி சரியாக இருந்தால் அதைக் கணினியின் பிரவுசரில் தட்டச்சு செய்து பாருங்கள். பிரிண்டரின் அமைப்புப் பக்கம் திறந்தால் நெட்வொர்க்கில் குறையில்லை. விண்டோஸ் பழைய முகவரிக்கே பக்கங்களை அனுப்பிக்கொண்டிருக்கிறது. பட்டியலிலிருந்து அந்தப் பிரிண்டரை நீக்கிவிட்டுப் புதிய ஐ.பி. முகவரியைக் கொடுத்துச் சேர்த்தால் போதும். அதே முகவரியைப் பிரிண்டருக்கென ரௌட்டரில் ஒதுக்கி வைத்துவிட்டால், அடுத்த முறை முகவரி மாறி இதே தொல்லை வராது. பக்கம் திறக்கவில்லையென்றால் கணினியும் பிரிண்டரும் ஒரே வைஃபையில் இருக்கின்றனவா, அல்லது ஒன்று விருந்தினர் நெட்வொர்க்கில் மாட்டிக்கொண்டதா என்று பாருங்கள்.

ஆஃப்லைனாக இருந்த நாட்களில் நீங்கள் கொடுத்த கட்டளைகள் வரிசையில் தேங்கி நிற்கும். அவற்றை நீக்க முயன்றும் ‘டெலீட்டிங்’ என்றே நின்றால், விண்டோஸின் சர்வீசஸ் பட்டியலில், அச்சுக் கட்டளைகளை வரிசைப்படுத்தி அனுப்பும் ‘பிரிண்ட் ஸ்பூலர்’ என்பதை நிறுத்துங்கள். சி டிரைவில் விண்டோஸ், அதற்குள் சிஸ்டம்32, அதற்குள் ஸ்பூல், அதற்குள் பிரிண்டர்ஸ் என்ற ஃபோல்டரைத் திறந்து, உள்ளே இருக்கும் ஃபைல்களை மட்டும் அழித்துவிட்டு, ஸ்பூலரை மீண்டும் இயக்குங்கள். ஃபோல்டரை அழித்துவிட வேண்டாம். டிரைவரை இரண்டு முறை நிறுவியதால் ஒரே பிரிண்டர் ‘காப்பி 1’ என்ற ஒட்டுடன் இரண்டாவது முறையும் பட்டியலில் இருக்க வாய்ப்பு உண்டு. பயன்படாததை நீக்கி, மற்றதை டீஃபால்ட்டாக வையுங்கள்.

இரண்டு மூன்று இரவுகள் விட்டுவிட்டுச் சுத்தம் செய்தும் நாசில் தாளில் மாற்றமே இல்லையென்றால், கார்ட்ரிட்ஜோடு துளைகள் அமைந்த வகையில் புதிய கார்ட்ரிட்ஜ் போட்டாலே தீரும், ஏனெனில் அதனுடன் ஹெட்டும் புதிதாகவே வருகிறது. ஹெட் பிரிண்டரோடு இணைந்திருக்கும் மைத் தொட்டி வகையானால் சர்வீஸ் சென்டருக்குத்தான் கொண்டுபோக வேண்டும்; ஹெட்டை மாற்றச் சொன்னால், அந்தத் தொகையைப் புதிய பிரிண்டரின் விலையோடு ஒப்பிட்ட பிறகே சம்மதியுங்கள். மாதக்கணக்கில் அச்சிடாமல் இருப்பது உங்கள் வீட்டு வழக்கம் என்றால், உலரும் மையே இல்லாமல் டோனர் தூளில் இயங்கும் லேசர் பிரிண்டர்தான் உங்களுக்கு ஏற்றது. இப்போதைய பிரிண்டரே தொடர்வதானால், வாரம் ஒருமுறை எல்லா நிறங்களும் கலந்த ஒரு பக்கத்தை அச்சிட்டு, அதன் பொத்தானிலேயே அணைத்து வையுங்கள்.