விபத்து இழப்பீட்டுப் பணம் டெபாசிட்டில் கிடக்கிறது. தவணை முடியும் முன் எடுக்க முடியுமா?

எடுக்கலாம். ஆனால் அனுமதி தர வேண்டியது வங்கி இல்லை, தீர்ப்புச் சொன்ன அதே விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயம்.

அண்ணன் விபத்தில் இறந்துபோனதற்கு வந்த பணம் அண்ணி பேரிலும் பிள்ளைகள் பேரிலும் டெபாசிட்டில் இருக்கிறது, மூத்த பெண்ணின் கல்லூரிக் கட்டணத்துக்கு அதிலிருந்து எடுக்க வேண்டும் என்று கேட்டிருக்கிறீர்கள். என் அக்காவுக்கும் கிட்டத்தட்ட இதே நிலைதான் வந்தது. அத்தான் போன பிறகு வந்த இழப்பீட்டில் ஒரு பகுதியைக் கையில் கொடுத்துவிட்டு, மீதியை டெபாசிட்டில் போடச் சொல்லி உத்தரவு. அவள் வங்கிக்குப் போய்க் கேட்டபோது, “இது கோர்ட்டுப் பணம்மா, உங்க இஷ்டத்துக்கு எடுக்க முடியாது” என்றார்கள். கோர்ட் உத்தரவு இல்லாமல் அவர்களால் தர முடியாது என்பது சரி. அந்த டெபாசிட்டின் மேல் கடனும் கிடைக்காது. ஆனால் அது கோர்ட்டுப் பணம் இல்லை. வீட்டுக்காரரைப் பறிகொடுத்தவளின் பணம். உங்கள் அண்ணி இதை மனதில் வைத்துக்கொண்டே போகட்டும், கூனிக்குறுகிக் கேட்க வேண்டியதில்லை.

இந்தக் கட்டுப்பாடு எதற்கு வந்தது? இழப்பீடு கைக்கு வந்ததும் உறவும் தரகரும் சூழ்ந்துகொண்டு கரைத்துவிடுகிறார்கள் என்பதால்தான். கேரள அரசுப் போக்குவரத்துக் கழகம் எதிர் சூசம்மா தாமஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்கு வழிமுறைகள் வகுத்தது. மைனர் பங்கை மேஜராகும் வரை டெபாசிட்டில் வைக்க வேண்டும், படிப்பறிவில்லாதவர்கள் பணத்தையும் பாதுகாக்க வேண்டும் என்றெல்லாம் சொன்ன அதே தீர்ப்பு, அவசரத் தேவை வந்தால் தீர்ப்பாயத்திடம் மனுப் போட்டு எடுக்கலாம் என்றும் சொல்லியிருக்கிறது. காயம்பட்டவருக்கு மேல்சிகிச்சை தேவைப்பட்டால் அதற்கும் அனுமதி உண்டு. நடைமுறையில் முதல் பாதி மட்டும்தான் பலருக்கு ஞாபகம் இருக்கிறது. 2012-ல் ஏ.வி. பத்மா வழக்கில் உச்ச நீதிமன்றமே இதைக் கண்டித்தது. கேட்பவர் படித்தவரா, தேவை என்ன என்று எதையும் பார்க்காமல் எல்லார் பணத்தையும் இயந்திரத்தனமாக டெபாசிட்டில் போடுவது தவறு என்றது. இந்த இரண்டு தீர்ப்பின் பெயரையும் வக்கீலிடம் சொல்லுங்கள்.

மனுவில் பணம் எதற்கு என்பதைக் காகிதத்தோடு காட்ட வேண்டும். “குடும்பச் செலவுக்கு” என்று பொதுவாக எழுதினால் தள்ளுபடியாக வாய்ப்பு அதிகம். கல்லூரியின் சேர்க்கைக் கடிதம், கட்டண விவரம், அங்கே படிக்கிறாள் என்று கல்லூரி தரும் போனஃபைடு சான்றிதழ் மூன்றையும் இணையுங்கள். முழுத் தொகையையும் கேட்காமல் தேவையானதை மட்டும் கேட்பது நல்லது. நீதிபதிக்கும் நம்பிக்கை வரும், மீதிப் பணத்துக்கு வட்டியும் ஓடும்.

அக்கா மனு விசாரணைக்கு வந்த அன்று நானும் கூடப் போயிருந்தேன். நீதிபதி என்னைத் தள்ளி நிற்கச் சொல்லிவிட்டு அவளிடம் நேராகவே கேட்டார்: “இந்தப் பணத்தை எடுக்கச் சொன்னது யாரும்மா?” அவள், “யாரும் சொல்லலைங்கய்யா, பொண்ணு நர்சிங் சேர்ந்திருக்கா” என்று கட்டண ரசீதை நீட்டினாள். அப்புறம்தான் அவர் காகிதங்களைப் புரட்டினார். எனக்கு அதில் கொஞ்சமும் வருத்தம் இல்லை. கூட வருகிற தம்பியையும் மைத்துனரையும் நீதிபதி சந்தேகிக்கத்தான் வேண்டும். அதனால் நீங்கள் கூடப் போனாலும் அண்ணியே பேசட்டும். கட்டணத்தை நேராகக் கல்லூரிக் கணக்குக்கு அனுப்பச் சம்மதம் என்று மனுவிலேயே எழுதிவிட்டால் இந்தச் சந்தேகம் பெரிதாக எழாது.

அண்ணியின் பங்கும் மைனர் பங்கும் வேறு வேறு. பெண்ணுக்குப் பதினெட்டு முடிந்திருந்தால், அவள் மேஜராகிவிட்டாள் என்று பிறப்புச் சான்றிதழோடு அவள் பேரிலேயே மனுப் போடலாம். முடியவில்லை என்றால் அம்மா கார்டியனாகக் கேட்க வேண்டும், அதில் நீதிபதிகள் இன்னும் கறாராக இருப்பார்கள். மைனர் டெபாசிட்டின் வட்டியை மூன்று மாதத்துக்கு ஒருமுறை தாய் எடுத்துக்கொள்ளலாம் என்று நம் ஊர்த் தீர்ப்புகளில் பெரும்பாலும் ஒரு வரி இருக்கும். தீர்ப்பு நகலை எடுத்துப் பாருங்கள், அந்த வரி இருந்தும் தெரியாமல் வட்டியை எடுக்காத குடும்பங்கள் உண்டு.

இந்த மனுவுக்காகச் சதவீதம் பேசுகிறவர்களிடம் போகாதீர்கள். மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் இலவசமாகவே வக்கீல் வைத்துத் தருவார்கள். 1987-ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டப்படி பெண்களுக்கு வருமான வரம்பு எதுவும் இல்லை. தீர்ப்பு நகல், டெபாசிட் ரசீது நகல், ஆதார் மூன்றையும் எடுத்துக்கொண்டு அண்ணி நேரில் போகட்டும். கட்டணம் கட்டக் கடைசித் தேதி எது என்பதை மனுவில் மறக்காமல் எழுதச் சொல்லுங்கள், சீக்கிரம் விசாரணைக்கு எடுக்கும்படி கேட்க அது உதவும்.