ஜெர்மன் சினிமா, டிவி இசையில் அதிகம் பேசப்படாத ஒருவரைச் சொல்ல முடியுமா?

பீட்டர் தாமஸ் (1925–2020). பெயர் தெரியாவிட்டாலும் இசை காதில் விழுந்திருக்கலாம். புரூஸ் லீயின் 'தி பிக் பாஸ்' ஆங்கிலப் பதிப்புக்குப் பின்னணி இசை இவருடையதுதான்.

பிரெஸ்லாவில் (அன்று ஜெர்மனி, இன்று போலந்து) பிறந்தவர். 1960-களில் பிரிட்டிஷ் குற்றக்கதை எழுத்தாளர் எட்கர் வாலஸின் கதைகளை வைத்து வந்த ஜெர்மன் த்ரில்லர் படங்களுக்கு வரிசையாக இசையமைத்தார். ஆனால் என்னைக் கேட்டால், 1966-ல் வந்த 'ரவும்பட்ரூல்லே' என்ற விண்வெளித் தொடர்தான் உச்சம். மொத்தமே 7 எபிசோடு. செலவைக் குறைக்க, விண்கலத்தின் கட்டுப்பாட்டுப் பலகையில் இஸ்திரிப் பெட்டியையெல்லாம் வைத்திருப்பார்கள்! ஆனால் இசையில் அந்தச் சிக்கனமே தெரியாது. வோகோடர் என்ற கருவியில் இயந்திரக் குரலாக மாறிய மனிதக் குரல் தலைகீழாக எண்ண, சட்டென ஜாஸ் பித்தளை ஊதுகருவிகள் பாயும்.

அப்புறம், 'டெர் ஆல்டே' துப்பறியும் தொடரின் முகப்பு இசையும் இவர் போட்டதே. 1998-ல் பிரிட்டனின் பல்ப் (Pulp) ராக் இசைக்குழு இவருடைய பழைய இசைத்துணுக்கு ஒன்றைத் தங்கள் பாட்டில் எடுத்தாண்டது.