ஷோப்பன்ஹவர் படித்தது எந்த உபநிடதம்? – வாசகர் கேள்வி பதில்

கேள்வி: "உபநிடதமே என் வாழ்வின் ஆறுதல், என் சாவின் ஆறுதலும் அதுவே" என்று ஜெர்மன் தத்துவ ஞானி ஷோப்பன்ஹவர் சொன்னதாகச் சொற்பொழிவுகளில் அடிக்கடி காதில் விழுகிறது. நிஜமாகவே சொன்னாரா? அவருக்கு சமஸ்கிருதம் தெரியுமா?
– வாசகர், கும்பகோணம்

பதில்: சொன்னார். 1851-இல் வெளிவந்த 'பரேர்கா உண்ட் பராலிப்போமெனா' நூலின் இரண்டாம் தொகுதியில், சமஸ்கிருத இலக்கியம் பற்றிய 16-ஆம் அத்தியாயத்தில் அந்த வரி இருக்கிறது. மேடைக்கு வரும்போது அதில் ஒரு சிறு துண்டு உதிர்ந்துவிடுகிறது. உலகிலேயே மிகவும் பயன் தருவதும் மனத்தை உயர்த்துவதுமான வாசிப்பு இது என்று புகழும் இடத்தில், 'மூலம் நீங்கலாக' என்று அடைப்புக்குறிக்குள் போட்டிருக்கிறார். ஏனென்றால் மூலத்தை அவர் படித்ததில்லை. சமஸ்கிருதம் தெரியாது. அந்தப் புகழ்ச்சி முழுவதும் 'ஊப்னெக்ஹட்' ('உபநிடதம்' என்பதன் திரிந்த வடிவம்) என்ற லத்தீன் புத்தகத்துக்கு.

அது வந்த வழி நெடுவழி. 1657-இல் முகலாய இளவரசர் தாரா ஷுகோ காசிப் பண்டிதர்களை வைத்துக்கொண்டு 50 உபநிடதங்களைப் பாரசீகத்தில் பெயர்த்தார். அந்தப் பாரசீகத்தைப் பிரெஞ்சுக்காரர் ஆங்க்தில் துபெரோன் லத்தீனாக்கி, 1801–02-இல் ஸ்ட்ராஸ்பூர்க்கில் இரண்டு தொகுதிகளாக அச்சிட்டார். 1814 மார்ச்சில் வைமர் நூலகத்தில் ஷோப்பன்ஹவர் இரவல் வாங்கியது இதைத்தான். அப்போது அவருக்கு வயது 26.

புத்தகம் எப்படி இருக்கும் என்பதற்கு ஓரிடம் மட்டும் பார்ப்போம். சாந்தோக்கிய உபநிடதத்தின் முதல் வரி, 'ஓம் என்னும் எழுத்தை உத்கீதமாக (சாமவேதப் பாடல் பகுதியாக) உபாசிக்க வேண்டும்' என்பது. லத்தீனில் உத்கீதம் 'அத்கித்' ஆகியிருக்கிறது, சாமவேதம் 'சாம் பெய்த்' ஆகியிருக்கிறது. உபாசனைக்கு 'மஷ்கூலி' என்ற பாரசீகச் சொல் அப்படியே நிற்கிறது. அதற்கு முன்னால், ஆங்கிலத்தின் 'the' போன்ற ஒரு கிரேக்கச் சொல் வேறு ஒட்டியிருக்கிறது, லத்தீனில் அப்படிப்பட்ட சொல் கிடையாது என்பதால். சொற்களின் வரிசையோ பாரசீக வரிசை. இந்தச் சிக்கலுக்குள் நூல் பிடித்துப் போக ஷோப்பன்ஹவரைப் போன்ற கூரிய கண் வேண்டியிருந்தது என்று பின்னாளில் சமஸ்கிருத அறிஞர் மாக்ஸ் முல்லர் எழுதியது மிகையில்லை.

இன்னொரு குறை வெளியே தெரியாது. பாரசீகப் பெயர்ப்பில் பல இடங்களில் சங்கரரின் உரை மூலத்துக்குள்ளேயே கலந்திருக்கிறது. எது சுருதி, எது பாஷ்யம் என்று பிரித்துப் பார்க்க லத்தீன் வாசகருக்கு வழியில்லை. உலகம் மாயைத் திரை என்பதே உபநிடதங்களின் ஒரே குரல் என்று ஷோப்பன்ஹவருக்குத் தோன்றியதில் இதற்கும் பங்குண்டு. பிறகு சமஸ்கிருதத்திலிருந்து நேரடியாகச் செய்த பெயர்ப்புகள் வந்தபோதும் பழைய லத்தீனை அவர் விடவில்லை. தன் நாய்க்கு 'ஆத்மா' என்று பெயர் வைத்தவராயிற்றே, பிடித்ததை லேசில் விடமாட்டார்.

கேள்வி: பகவத்கீதையை ஹும்போல்ட் கொண்டாடினார், ஹெகல் மட்டம் தட்டினார் என்கிறார்களே. ஒரே நூல் எப்படி இருவருக்கு இரண்டாகத் தெரிந்தது?
– வாசகர், திருநெல்வேலி

பதில்: சண்டை பாதி தத்துவம், பாதி அகராதி. அகராதியிலிருந்து தொடங்கினால்தான் விளங்கும்.

1823-இல் பான் பல்கலைக்கழகப் பேராசிரியர் அவுகுஸ்ட் வில்ஹெல்ம் ஷ்லேகல் கீதையை தேவநாகரி எழுத்தில் அச்சிட்டு, லத்தீன் மொழிபெயர்ப்பும் சேர்த்து வெளியிட்டார். 'யோகம்' என்ற சொல் வந்த இடத்தில் மாட்டிக்கொண்டார். ஓரிடத்தில் பயிற்சி, ஓரிடத்தில் பக்தி, ஓரிடத்தில் ஈடுபாடு, இன்னோரிடத்தில் மறைஞான ஆற்றல் என்று பொருள்படும் வெவ்வேறு லத்தீன் சொற்களைப் போட்டார். ஒரே சொல்லை இத்தனையாக உடைத்தால் நூலின் இழை அறுந்துபோகும் என்று பாரிஸிலிருந்து பிரெஞ்சு சமஸ்கிருத அறிஞர் லாங்லுவா கண்டித்தார்.

ஷ்லேகல் மேல் முழுப் பழியையும் போட முடியாது. இரண்டாம் அத்தியாயத்தில் 48-ஆம் சுலோகம் 'சமநிலையே யோகம்' என்கிறது. இரண்டே சுலோகம் தள்ளி, 'செயல்களில் திறமையே யோகம்' என்கிறது. 11-ஆம் அத்தியாயத்திலோ கண்ணன் 'என் ஐசுவரியமான யோகத்தைப் பார்' என்று விசுவரூபம் காட்டுகிறான். அங்கே 'பயிற்சி' என்று போட்டால் கேலிக்கூத்தாகும். தமிழில் நமக்கு இந்தத் தொல்லை இல்லை. 'யோகம்' என்றே எழுதிவிட்டு நகர்ந்துவிடுகிறோம். புரிந்துகொண்டுதான் நகர்கிறோமா என்பது வேறு கேள்வி.

ஜெர்மன் மொழியியல் அறிஞர் வில்ஹெல்ம் ஃபான் ஹும்போல்ட் சமஸ்கிருதம் கற்றவர். 1825-இலும் 1826-இலும் பெர்லின் அறிவியல் கழகத்தில் கீதை பற்றிப் பேசினார். யோகத்துக்கு அவர் தேர்ந்த ஜெர்மன் சொல் 'ஃபெர்டீஃபுங்', அதாவது ஆழ்ந்து மூழ்குதல். நமக்குத் தெரிந்த இலக்கியங்களிலேயே மிக அழகான, ஒருவேளை உண்மையில் தத்துவக் கவிதை எனத்தக்க ஒரே கவிதை கீதைதான் என்று போற்றினார்.

ஜெர்மன் தத்துவ ஞானி ஹெகல் 1827-இல் ஹும்போல்ட்டின் பேச்சுக்கு இரண்டு பகுதிகளாக விமர்சனம் எழுதினார். அவருக்கு சமஸ்கிருதம் தெரியாது. ஆனாலும் ஒரு நல்ல கேள்வியைக் கேட்டார்: நம் மொழியில் ஒரு சொல்லைப் போட்டதும் நம் மனத்தில் இருக்கும் கருத்துதானே அங்கே வந்து உட்காருகிறது? நாம் ஓவியத்தில் மூழ்குவோம், கணக்கில் மூழ்குவோம். எதிரே ஒரு பொருள் இருக்கும். இந்த யோகத்தில் மூழ்குவதற்கு ஒன்றுமே இல்லை, உள்ளடக்கம் இல்லாத வெறுமை என்றார். கேள்வி சரி, முடிவு தவறு. 'செயல்களில் திறமை' என்பதைக் கணக்கில் கொண்டிருந்தால் 'வெறுமை' என்ற தீர்ப்பை அவ்வளவு சுலபமாகக் கொடுத்திருக்க முடியாது. அந்தச் சுலோகம் அவர் கையிலிருந்த பெயர்ப்புகளிலும் இருந்ததுதான்.

கேள்வி: மாக்ஸ் முல்லர் இந்தியாவில் எத்தனை ஆண்டுகள் தங்கி ரிக்வேதத்தை மொழிபெயர்த்தார்?
– வாசகர், ஈரோடு

பதில்: ஒரு நாள்கூடத் தங்கவில்லை. ஜெர்மனியின் டெசாவில் பிறந்து ஆக்ஸ்ஃபோர்டில் வாழ்ந்தவர். இந்தியாவுக்கு வந்ததே இல்லை. 1849 முதல் 1874 வரை ஆறு தொகுதிகளாக அவர் வெளியிட்டது மொழிபெயர்ப்பு அல்ல, சாயணர் உரையோடு கூடிய சமஸ்கிருத மூலப் பதிப்பு. தொடக்கத்தில் பணம் கொடுத்தது கிழக்கிந்தியக் கம்பெனிதான். பதிப்பையும் பெயர்ப்பையும் குழப்பிக்கொள்வதால்தான் "முல்லர் திரித்து மொழிபெயர்த்த ஆறு தொகுதிகள்" என்று கோபப்படுகிறார்கள்.

கேள்வி: 'தத்துவமசி' என்பதற்கு 'பிறரும் நீயே, ஆகவே பிறரை நேசி' என்று பொருள் சொல்வது சரியா?
– வாசகர், மதுரை

பதில்: சாந்தோக்கியத்தின் ஆறாம் அத்தியாயத்தில் உத்தாலகர் தன் மகன் சுவேதகேதுவுக்கு 'அது நீயே' என்னும் இந்த வாக்கியத்தை ஒன்பது முறை சொல்கிறார். ஆலம்பழ விதையைப் பிளந்து காட்டுகிறார், தண்ணீரில் கரைந்த உப்பைச் சுவைக்கச் சொல்கிறார். அந்த இடத்தில் அயலார் பேச்சே இல்லை.

அறநெறிப் பொருளை முதலில் ஏற்றியவர் ஷோப்பன்ஹவர். துன்பப்படும் உயிரைப் பார்த்து 'அது நீயே' என்று உணர்வதுதான் இரக்கத்தின் வேர் என்றார். அவர் வழிவந்த ஜெர்மன் சமஸ்கிருத அறிஞர் பால் டாய்சன் 1893 பிப்ரவரியில் பம்பாயில் பேசும்போது இன்னும் தெளிவாக வைத்தார்: உன்னைப் போல் அயலானை நேசி என்று விவிலியம் சொல்கிறது, ஏன் நேசிக்க வேண்டும் என்பதற்கு விடை வேதத்தில் 'தத்துவமசி' என்று இருக்கிறது. 1896-இல் கீல் நகரில் விவேகானந்தர் டாய்சனைச் சந்தித்தார். விவேகானந்தரின் பேச்சில் இந்தக் கருத்து வலுப்பட்டது அதனால்தான் என்று 1961-இல் ஜெர்மன் இந்தியவியல் அறிஞர் பால் ஹாக்கர் வாதிட்டார். அதை எல்லோரும் ஏற்கவில்லை. கீதையின் 13-ஆம் அத்தியாயத்திலேயே, இறைவனை எங்கும் சமமாகக் காண்பவன் தன்னால் தன்னை இம்சிப்பதில்லை என்று வருகிறது. டாய்சனே தன் பம்பாய்ப் பேச்சில் மேற்கோள் காட்டிய வரி அது. ஆனால் 'தத்துவமசி' என்ற வாக்கியத்துக்கே இந்தப் பொருளைக் கொடுத்தது ஜெர்மன் வழிதான்.

கேள்வி: நீட்ஷே மனுஸ்மிருதியைப் புகழ்ந்தாரே, அவர் படித்தது எது?
– வாசகர், சென்னை

பதில்: 1888-இல் அவர் கையில் இருந்தது லூயி ழாகொலியோவின் பிரெஞ்சுப் பெயர்ப்பு. ழாகொலியோ பிரெஞ்சிந்தியாவில் நீதிபதியாக இருந்தவர். மனுவில் இல்லாததையும் சேர்த்துவிட்டவர். சண்டாளர்களுக்கு வெங்காயமும் பூண்டும் மட்டுமே உணவு, அவர்களுக்கு விருத்தசேதனம் விதிக்கப்பட்டது என்றெல்லாம் நீட்ஷே மேற்கோள் காட்டுகிறார். மனுவின் ஐந்தாம் அத்தியாயம் வெங்காயத்தையும் பூண்டையும் இருபிறப்பாளருக்கு விலக்குவதோடு சரி. விருத்தசேதனம் நூலில் எங்கும் கிடையாது. சண்டாளர்களே யூதர்களின் முன்னோர் என்ற தன் சொந்தக் கற்பனைக்காக ழாகொலியோ நுழைத்த சரக்கு அது. மனுவில் உள்ள கொடுமைகள் பத்தாம் அத்தியாயத்தில் தாராளமாக இருக்கின்றன, புதிதாகச் சேர்க்கவே தேவையில்லை. வேடிக்கை என்னவென்றால், நீட்ஷேயின் பள்ளித்தோழர் வேறு யாருமில்லை, மேலே சொன்ன டாய்சன்தான். பியூலரின் ஆங்கில மனுஸ்மிருதிப் பெயர்ப்பும் 1886-லேயே வந்துவிட்டது. சரிபார்க்க வழி இருந்தது.

கேள்வி: வேதாந்தம் ஜெர்மனிக்குத் தமிழ் வழியாகப் போனதுண்டா?
– வாசகர், யாழ்ப்பாணம்

பதில்: உண்டு. ஜெர்மன் கிறிஸ்தவ அமைப்பான லைப்சிக் மிஷனைச் சேர்ந்த கார்ல் கிரவுல் 1854-இல் தமிழ் வேதாந்த நூல்களை ஜெர்மனில் பெயர்த்து வெளியிட்டார். அதில் தாண்டவராய சுவாமிகளின் கைவல்ய நவநீதமும் ஒன்று. பாரசீகமும் லத்தீனும் நடுவில் நில்லாத பாதை இது. ஆனாலும் தத்துவப் பேராசிரியர்கள் பக்கம் இதன் சத்தம் பெரிதாகக் கேட்கவில்லை. கிரவுலின் பெயர் நிலைத்தது திருக்குறள் பெயர்ப்பால்.

இன்னொரு தொடர்பும் உண்டு. டாய்சன் 1897-இல் 60 உபநிடதங்களை ஜெர்மனாக்கியபோது சிலவற்றுக்கு சமஸ்கிருத மூலமே கிடைக்கவில்லை. அவற்றை அந்தப் பழைய ஊப்னெக்ஹட்டின் லத்தீனிலிருந்துதான் பெயர்க்க வேண்டியிருந்தது. பாஷ்கலம், சாகலேயம், ஆர்ஷேயம், சௌனகம் ஆகிய நான்கின் மூலமும் பிறகு அகப்பட்டது சென்னை அடையாறு நூலகத்தின் கையெழுத்துப் பிரதி ஒன்றில். அந்த நூலகத்தின் உபநிடதப் பிரதிகளுக்கு 1908-இல் விவரப் பட்டியல் போட்டவரும் ஒரு ஜெர்மானியரே: ஓட்டோ ஷ்ராடர்.