ஓர் ஆவணப்படம் உங்கள் வாழ்க்கையில் எதையாவது மாற்றியிருக்கிறதா?

மாற்றியிருக்கிறது. 2022இல் வந்த 'ஆஃப்டர்ஷாக்'. அமெரிக்கக் கறுப்பினப் பெண்கள் பிரசவத்தை ஒட்டி இறப்பதைப் பற்றி பவுலா ஐசல்ட்டும் டோன்யா லூயிஸ் லீயும் சேர்ந்து எடுத்த படம். நாங்கள் இருப்பது நியூ ஜெர்சியில். மனைவிக்கு ஏழாம் மாதம் நடந்தபோது, அவள் தூங்கிய பிறகு தனியாக உட்கார்ந்து பார்த்தேன்.

கணக்கு எனக்கு முன்பே தெரியும். 2021இல் ஒரு லட்சம் பிறப்புகளுக்குக் கறுப்பினத் தாய்மார் 69.9 பேர், வெள்ளையினத் தாய்மார் 26.6 பேர் இறந்தார்கள். செய்தியில் படித்தேன், மறந்தேன். படம் மறக்க விடவில்லை.

புரூக்ளினைச் சேர்ந்த ஷமோனி கிப்சனுக்கு வயது 30. 2019இல் சிசேரியனில் இரண்டாவது குழந்தை பிறந்து வீட்டுக்கு வந்ததிலிருந்து மூச்சு வாங்குகிறது, நெஞ்சு வலிக்கிறது என்று சொல்லிக்கொண்டே இருந்திருக்கிறார், ஓய்வெடுங்கள் என்பதுதான் பதில், கடைசியில் ஆம்புலன்ஸில் வந்தவர்களும் இவர் போதை மருந்து ஏதாவது எடுத்தாரா என்றே திரும்பத் திரும்பக் கேட்டிருக்கிறார்கள். நுரையீரலில் ரத்தக்கட்டி. குழந்தை பிறந்த 13ஆம் நாள் இறந்துபோனார்.

அவருடைய துணைவர் ஒமாரி மேனார்ட் ஓவியர். ஆறு மாதம் கழித்து பிராங்க்ஸில் ஆம்பர் ரோஸ் ஐசக் என்ற 26 வயதுப் பெண்ணும் பிரசவத்தில் இறக்க, அந்தப் பெண்ணின் உருவத்தை வரைந்து, அவருடைய துணைவர் புரூஸ் மெக்கின்டயரிடம் கொடுக்கிறார். கைக்குழந்தையோடு நிற்கும் இரண்டு அப்பாக்கள். அங்கிருந்துதான் இவர்களுடைய போராட்டம் வளர்கிறது, ஊர்வலம், சட்டம் கேட்டு அலைவது, பிராங்க்ஸில் பிரசவ மையம் வேண்டும் என்று புரூஸ் விடாமல் கேட்பது எல்லாமே. கேமரா இறப்போடு நிற்காமல் இவர்கள் கூடவே போனதுதான் இந்தப் படத்தின் பலம் என்பேன். பணம் இருந்தால் தப்பிக்கலாம் என்றும் நினைக்க வேண்டாம், செரீனா வில்லியம்ஸே 2017இல் பிரசவம் முடிந்த மறுநாள் தனக்கு ரத்தக்கட்டி வந்திருக்கிறது, ஸ்கேன் எடுங்கள் என்று வற்புறுத்த வேண்டியிருந்தது.

சரி, என்ன மாறியது? மறுநாளே பிபி மெஷின் வாங்கினேன். பிரசவத்துக்குப் பிறகு எந்தெந்த அறிகுறி வந்தால் காத்திருக்கக் கூடாது என்று ஒரு தாளில் எழுதி ஃப்ரிட்ஜில் ஒட்டினேன்.

குழந்தை பிறந்த ஐந்தாம் நாள் ராத்திரி மனைவிக்குத் தலைவலி. தூக்கம் கெட்டதால் வந்தது, சுக்குப் பற்று போட்டால் போய்விடும் என்றார் அத்தை. எனக்கு மனசு கேட்கவில்லை, கையில் பட்டையைக் கட்டிப் பார்த்தேன், பிபி 162/104, ஆபத்தான அளவு. ஆஸ்பத்திரிக்கு போன் செய்தேன். உடனே கிளம்பி வாருங்கள் என்றார்கள், போனதும் வலிப்பு வராமல் தடுக்க மெக்னீசியம் டிரிப் ஏற்றினார்கள், மூன்றாம் நாள் வீட்டுக்கு வந்துவிட்டோம்.

அவள் சொன்னதை அங்கே எல்லாரும் அப்படியே நம்பினார்கள். போதை மருந்து எடுத்தாயா என்று ஒருவர்கூடக் கேட்கவில்லை.